ஒரு மாதமும் பத்து ஆண்டுகளும்

இலங்கையின் 1978 ஆம் ஆண்டு அரசியலமைப்பின் 126(2) ஆம் உறுப்புரை, அடிப்படை உரிமை மீறப்பட்டவர் ஒரு மாதத்திற்குள் உயர் நீதிமன்றத்தை நாட வேண்டும் என விதிக்கிறது. தாமதத்தைப் பொறுக்கும் தற்றுணிபு நீதிமன்றத்திற்கு உண்டு என்று அதில் ஒரு சொல்லும் இல்லை. அதற்கு அடுத்த ஆண்டே வந்த பயங்கரவாதத் தடைச் சட்டமோ, ஒருவரை விசாரணையின்றி 18 மாதங்கள் வரை தடுத்து வைக்க இடமளித்தது. சட்டத்தரணியைக் காணவே முடியாமல் அடைபட்டிருந்தவர் ஒரு மாதத்திற்குள் மனுத் தாக்கல் செய்வது எங்ஙனம்?

இந்த முடிச்சை அவிழ்த்தவர்கள் நீதியரசர்களே. 1989 ஆம் ஆண்டுச் சட்ட அறிக்கையில் வெளியான தீர்ப்பொன்றில் பிரதம நீதியரசர் சர்வானந்தா, தடுத்து வைக்கப்பட்டவருக்கு அந்த ஒரு மாதம் அவர் தடையின்றி இயங்கக்கூடிய நாளிலிருந்தே கணக்கிடப்பட வேண்டும் என்றார். 1988 இல் நீதியரசர் மார்க் பெர்னாண்டோ இன்னும் தெளிவாக எல்லை வகுத்தார். ஒரு மாத விதி கட்டாயமானதே. எனினும் இயலாததைச் செய்யுமாறு சட்டம் எவரையும் வற்புறுத்துவதில்லை என்ற பழைய இலத்தீன் கோட்பாட்டின்படி, மனுதாரரிடம் தவறோ அசட்டையோ இல்லாத விதிவிலக்கான சந்தர்ப்பங்களில், காலங்கடந்த மனுவையும் ஏற்கும் தற்றுணிபு நீதிமன்றத்திற்கு உண்டு என்பதே அவரது முடிவு. பின்னர் 1996 ஆம் ஆண்டு மனித உரிமைகள் ஆணைக்குழுச் சட்டம், ஒரு மாதத்திற்குள் ஆணைக்குழுவிடம் முறையிட்டவருக்கு அங்கு விசாரணை நடக்கும் காலத்தைக் கணக்கிலிருந்து நீக்கியது.

காணி வழக்குகளின் கதை வேறு. அங்கே ஆள்வது 1871 ஆம் ஆண்டின் 22 ஆம் இலக்க ஆட்சியுரிமைக் கட்டளைச் சட்டம். பிறர் காணியில் பத்து ஆண்டுகள் இடையூறின்றி, உரிமையாளரின் உரித்துக்கு மாறாக இருந்தவர் அக்காணிக்கு உரித்தாளியாகலாம். உரிமையாளர் வழக்கிடாதிருந்ததற்கு அந்தச் சட்டம் ஏற்கும் காரணங்கள் சிலவே: பராயமடையாமை, சித்த சுவாதீனமின்மை, கடல் கடந்திருத்தல். அவையும் முப்பது ஆண்டுகால ஆட்சிக்கு முன் செல்லுபடியாகா.

புலம்பெயர்ந்த வாசகர்கள் இதைக் கவனிக்க வேண்டும். இலண்டனிலும் ரொறன்ரோவிலும் இருந்தவருக்கு 'கடல் கடந்திருத்தல்' என்ற காப்பு உண்டு. 1990 ஒக்டோபரில் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்டுப் புத்தளத்தில் குடிசை போட்ட முஸ்லிம்களுக்கு அது இல்லை. 1995 ஒக்டோபர் 30 ஆம் நாள் வலிகாமத்தை விட்டு நடந்தவர்களுக்கும் இல்லை. அவர்கள் கடந்தது கடலையல்ல, நாவற்குழிப் பாலத்தையே. இத்தனைக்கும் அவர்களது வீடுகளில் வந்து குடியிருந்தவர்களிற் பலர் தாமும் வேறோர் ஊரிலிருந்து இடம்பெயர்ந்தவர்கள். அவர்களைக் குறை கூற என் பேனா எழவில்லை.

மாவட்ட நீதிபதி ஒருவர் எவ்வளவு இரக்கமுள்ளவராயினும், போரை ஒரு காரணமாக ஏற்கும் வாசகம் அவர் கையிலிருந்த சட்டத்தில் இல்லை. அதனாற்றான் பாராளுமன்றம் 2016 ஆம் ஆண்டின் 5 ஆம் இலக்கச் சட்டத்தை இயற்ற வேண்டியிருந்தது. 1983 மே 1 முதல் 2009 மே 18 வரை காணி உரிமையைக் கோரி வழக்கிட முடியாதிருந்தவர்களுக்கு அது இரண்டு ஆண்டு அவகாசம் தந்தது. போர் முடிந்து ஏழு ஆண்டுகள் கழித்து வந்த அவகாசம்! அதிலும் ஒரு நிபந்தனை: தடை, தீவிரவாத பயங்கரவாதக் குழுவொன்றின் செயல்களால் ஏற்பட்டிருக்க வேண்டும். எறிகணைக்கும் விமானக் குண்டுக்கும் அஞ்சி ஓடியவர் தம் ஓட்டத்தை இந்தச் சொற்களுக்குள் எங்கே வைப்பது?

நான் செய்தி சேகரிக்கச் சென்ற வன்னிக் கிராமங்களில், காணாமற்போன மகனுக்கு மரணச் சான்றிதழ் பெற மறுத்து, அவன் பெயரிலிருந்த காணி உறுதியைப் பெட்டியில் பூட்டி வைத்திருந்த தாய்மாரைக் கண்டிருக்கிறேன். சான்றிதழைப் பெற்றால் அவன் இறந்தான் என்று தாமே ஒப்புக்கொண்டதாகும் என்றார்கள். சட்டம் தந்த இரண்டு ஆண்டுகளும் பெட்டி திறக்கப்படாமலே கழிந்தன.