மலைக்காரர் உடுப்பு

1990களின் கடைசியில் ஒரு தொலைக்காட்சித் தொடரில் காஸ்ட்யூமருக்கு உதவியாளனாக இருந்தேன். பெட்டி பெட்டியாகத் துணி, இஸ்திரி, ஊசி நூல். எந்தக் காட்சியில் யார் என்ன உடுத்தியிருந்தார் என்று குறித்துவைக்க ஒரு நோட்டு. புதுத் துணியைத் தேயிலை கொதித்த நீரில் முக்கிக் காயவைத்தால் பத்து வருஷம் பழசாகிவிடும். சரித்திரத்தை உண்டாக்குவது இவ்வளவு சுலபம் என்று அப்போது நினைத்தேன்.

கள்ளக்குறிச்சி அன்று விழுப்புரம் மாவட்டத்தில் இருந்தது. அங்கிருந்து கல்வராயன் மலைக்கு ஏறினோம். மலைவாசிகள் கூட்டமாக வரும் காட்சி. துணை நடிகர்களைச் சென்னையிலிருந்து அழைத்துவரச் செலவாகும் என்று ஊர்க்காரர்களையே கூப்பிட்டார்கள். பன்னிரண்டு பேர் குளித்து, வேட்டி சட்டையில் வந்து நின்றார்கள். எங்கள் பெட்டியில் வாடகைக்கு எடுத்த இலைப் பாவாடைகள் இருந்தன. பெரியவர் ஒருவர் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, “இது யாரு துணி சாமி?” என்றார்.

“மலைக்காரங்க துணிங்க.”

“எந்த மலை?”

பதில் தேடப் பல வருஷங்கள் ஆயின. இம்மக்கள் தங்களை மலையாளிகள் என்கிறார்கள். கேரளத்தோடு சம்பந்தம் இல்லாத பெயர். 1909இல் வந்த தர்ஸ்டனின் தொகுதிகளில் பதிவாகியிருக்கும் வாய்மொழிக் கதைப்படி இவர்கள் காஞ்சிபுரத்து வேளாளர்கள். சகோதரர்கள் மூவர் மலைக்கு ஒருவராகப் பிரிந்து போனார்களாம். கதை நடந்ததா என்பது வேறு விஷயம். தறிகளுக்குப் பேர்போன ஊரைத் தம் பூர்வீகமாகச் சொல்லிக்கொள்கிற ஜனம் இது. அரசாங்கப் பட்டியலில் பழங்குடி. மூன்று ஜாகீர்தார்களின் கீழ் கிடந்த மலை 1976இல்தான் அரசாங்கத்தின் கைக்கு வந்தது. இந்தச் சரித்திரத்தில் எங்கும் இலைப் பாவாடை எனக்குத் தட்டுப்படவில்லை.

அது சினிமாவிலிருந்து வந்தது என்றே நினைக்கிறேன். 1937இல் ஹோமி வாடியா பம்பாயில் ‘தூஃபானி டார்ஜான்’ எடுத்தார். 1938இல் தமிழில் ‘வனராஜ கார்ஸன்’. ஹாலிவுட் தன் கற்பனை ஆப்பிரிக்காவுக்குத் தைத்த உடுப்பு, வாடகைக் கடை வழியாக நம் மலைக்கு ஏறியிருக்கிறது.

கீழே சமவெளியில் கூத்து நடக்கிறது. துரியோதனன் கண்ணாடிச் சில் பதித்த மரக்கிரீடமும் புஜகட்டையும் பூண்டு வருகிறான். அஸ்தினாபுரத்தில் இப்படித்தான் உடுத்தினார்கள் என்று பார்க்கிறவன் எவனும் நம்புவதில்லை. உடுப்பு அங்கே வேஷம் என்பதை ஒளிப்பதில்லை. தொலைக்காட்சி ஒளிக்கிறது. அசல் மலை, அசல் மனிதர்கள், அசல் வெயில். நடுவில் பொய்யான துணி. சுற்றியுள்ள நிஜமெல்லாம் அந்தப் பொய்க்குச் சாட்சி சொல்கிறது.

பெரியவர் வேட்டியை அவிழ்க்கவில்லை. பாவாடையை அதன்மேலேயே கட்டிக்கொண்டார். கீழே வெள்ளை தெரிகிறது என்று காமெராவிலிருந்து குரல் வந்தது. நான்தான் மண்டியிட்டு அவர் வேட்டியை மடித்து உள்ளே செருகினேன். நோட்டில் ‘மலைவாசி – 12’ என்று எழுதினேன். பெயர் கேட்கவில்லை.