பால் செம்பும் கத்தரிக்கோலும்

முதலிரவு என்றதும் நம் மனக்கண் முன் விரிவது எது? மல்லிகைச் சரங்கள் தொங்கும் கட்டில், பால் செம்புடன் தலைகுனிந்து நுழையும் மணமகள், தாழிடப்படும் கதவு, அணையும் விளக்கு. இவ்வரிசையை நம் நெஞ்சில் பதித்தது திரைப்படமே. அது உருவானதில் தணிக்கைக்கும் பங்குண்டு.

1918-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி, 1920-இல் சென்னை, பம்பாய், கல்கத்தா, இரங்கூன் ஆகிய நகரங்களில் தணிக்கைக் குழுக்கள் அமைந்தன. அந்நிய அரசு பெரிதும் அஞ்சியது அரசியலுக்கே. ஆதலால் 1933-இல் வெளிவந்த 'கர்மா' படத்தில் முத்தக் காட்சி இடம்பெற முடிந்தது. விடுதலைக்குப் பின் நிலை மாறியது. 1952-ஆம் ஆண்டுச் சட்டத்தின் காலத்தில் முத்தம் திரையிலிருந்து ஏறத்தாழ மறைந்தது.

இது நம் நாட்டுக்கு மட்டும் உரியதன்று. அமெரிக்கத் திரைத்துறை 1927-இல் வகுத்த எச்சரிக்கைப் பட்டியலில் முதலிரவுக் காட்சியும் இருந்தது. அங்கு 1930-இல் எழுந்த ஒழுக்க விதித்தொகுப்பை வரைந்தவருள் ஒருவர் இயேசு சபைக் குரு தானியேல் லார்ட்.

காட்டக்கூடாததைக் குறிப்பால் உணர்த்தும் கலை நம் படங்களில் வளர்ந்தது. இரு மலர்கள் உரசின, மழை பொழிந்தது, விளக்கு அணைந்தது. கதைக்கு இன்றியமையாததாயின் முத்தத்தை அனுமதிக்கலாம் என 1969-இல் கோஸ்லா குழு பரிந்துரைத்தும், நடைமுறை எளிதில் மாறவில்லை.

சிறு முதலீட்டுப் படத்தார் இம்மறைப்பையே வாணிகமாக்கினர். எச்சரிக்கையாக வழங்கப்பட்ட 'ஏ' முத்திரை, சுவரொட்டியில் பேரெழுத்தில் விளம்பரமாயிற்று. தணிக்கைக் குழு பார்த்திராத துண்டுகளைச் சில கொட்டகைகளில் இடையே ஒட்டி ஓட்டினர். மக்கள் அதனைப் 'பிட்டு' என்றனர். சட்டப்படி அது தண்டனைக்குரிய குற்றம்.

வெட்டியவரும் ஒட்டியவரும் கேளாத வினா ஒன்றுண்டு: அந்த அறைக்குள் அனுப்பப்படும் பெண்ணின் மனம் என்ன? அதனைக் கேட்ட படங்களும் நம்மிடையே உண்டு. 'அந்த 7 நாட்கள்' (1981) படத்தில், மணநாளிரவில் உயிர்விடத் துணிந்த பெண்ணைக் காப்பாற்றும் கணவன், அவள் கதையைப் பொறுமையுடன் கேட்கிறான். 'மௌன ராகம்' (1986) படத்தில், என்ன பரிசு வேண்டும் என்று கணவன் கேட்க, புதுமணப்பெண் விவாகரத்தைக் கேட்கிறாள். இங்கே பால் செம்பு பின்னுக்குச் செல்ல, பெண் பேசத் தொடங்குகிறாள்.

2023-ஆம் ஆண்டுத் திருத்தம் 'யு/ஏ' சான்றிதழை 7, 13, 16 என வயதுப் படிகளாகப் பகுத்தது. ஆயினும், இன்று ஜவ்வாது மலைச் சிற்றூர் இளைஞனின் கைபேசிக்குள் எந்தக் கத்தரிக்கோலும் எட்டுவதில்லை. பழைய பிட்டுகளும் அவற்றினும் கொடியனவும் அவனுக்கு ஆசானாகின்றன. மணமேடைக்கு வரும் பெண்ணோ, தன் அச்சத்தை எவரிடம் சொல்வதென்று அறியாது நிற்கிறாள்.

திருமணத்தை ஆக்குவது இருவரின் இசைவு என்பது திருச்சபையின் போதனை. அவ்விசைவு பலிபீடத்தின் முன் ஒருமுறை சொல்லி முடிவதன்று. அறைக்குள்ளும் கேட்கப்பட வேண்டியது. இதனை நம் பிள்ளைகளுக்குத் திருமணத்திற்கு முன்பே, நாணத்தை ஒதுக்கிவைத்து, நாமே எடுத்துச் சொல்வோம். நாம் வாய்மூடி இருந்தால், திரையே அவர்களுக்குச் சொல்லிக்கொடுக்கும்.