குதிரை இழுத்த காரும் விவசாயிகள் கட்டிய ரிஃபைனரியும்

முதல்ல ஒரு காட்சி சொல்றேன். 1930கள். கனடாவின் சஸ்காச்சுவான் மாகாணம். கண்ணுக்கு எட்டும் தூரம் வரை தட்டையான கோதுமை நிலம். மண் ரோட்டில் ஒரு கார் வருது, ஆனா இன்ஜின் சத்தமே இல்ல. இன்ஜினைக் கழற்றிட்டாங்க. காரை இழுத்துக்கொண்டு வருவது ரெண்டு குதிரை.

இந்த வண்டிக்கு மக்கள் வைத்த பெயர் 'பென்னட் பக்கி'. அப்போதைய பிரதமர் ஆர்.பி. பென்னட் மேல் இருந்த கோபத்தில் வைத்த பெயர். கார் வாங்குகிற அளவுக்கு ஒரு காலத்தில் காசு இருந்தது, இப்போ பெட்ரோல் போடக் காசு இல்ல. 1929இல் ஒரு டாலருக்கு மேல் விற்ற ஒரு புஷல் கோதுமை, 1932 கடைசியில் 40 சென்ட்டுக்கும் கீழே போய்விட்டது. போதாததற்கு வறட்சி, புழுதிப் புயல்.

இங்கே ஒரு விஷயம் கவனிங்க. குதிரைக்கு வேண்டிய தீனி விவசாயியின் வயலிலேயே விளைந்தது. டிராக்டர் வந்த பிறகு கதை மாறியது. அதன் தீனியைக் கம்பெனிக்காரனிடம்தான் வாங்கணும், அவன் சொன்ன விலைக்கு. விதைப்பும் அறுவடையும் காத்திருக்காது. அதனால் விலை அதிகம், அடுத்த மாசம் பார்த்துக்கலாம் என்று சொல்லவும் முடியாது.

அதற்கு விவசாயிகள் கண்டுபிடித்த முதல் வழி, ஊருக்கு ஊர் கூட்டுறவு ஆரம்பித்து, ரயில் டேங்கரில் எரிபொருளை மொத்தமாக வரவழைப்பது. கொஞ்ச நாள் நன்றாகவே போனது. பிறகு பெரிய எண்ணெய் நிறுவனங்கள் மொத்த விலைக்கும் சில்லறை விலைக்கும் நடுவில் இருந்த இடைவெளியை நெருக்க ஆரம்பித்தன. அந்த இடைவெளிதான் கூட்டுறவின் மூச்சு. அதை இறுக்கினால் கதை முடிந்தது என்று கம்பெனிகள் நினைத்திருக்கலாம்.

விவசாயிகள் வேறு கணக்கு போட்டார்கள். வாங்கி விற்பதில் மிச்சம் இல்லையா? சரி, நாமே சுத்திகரிப்போம். 1934இல் ரெஜினா நகரத்தைச் சுற்றியிருந்த சின்னச் சின்னக் கூட்டுறவுகள் சேர்ந்து சுமார் 32,000 டாலர் திரட்டின. பெட்ரோலுக்கே காசில்லாத ஊரில் இது எவ்வளவு பெரிய தொகை என்று யோசிச்சுப் பாருங்க. 1935 மே மாதம் ஆலை ஓட ஆரம்பித்தது. ஒரு நாளைக்கு 500 பேரல். உலகத்திலேயே ஒரு கூட்டுறவுக்குச் சொந்தமான முதல் எண்ணெய் சுத்திகரிப்பு ஆலை அதுதான் என்று சொல்வார்கள்.

அதே ரெஜினாவில் இம்பீரியல் ஆயில் கம்பெனியின் ரிஃபைனரி 1916 முதலே இருந்தது. யானை பக்கத்தில் எறும்பு மாதிரி. ஆனா யானைக்கு இல்லாத ஒன்று எறும்புக்கு இருந்தது. எரிபொருளை வாங்கப் போகிறவர்களே முதலாளிகள். வருஷக் கடைசியில் மிச்சம் வந்தால், யார் எவ்வளவு வாங்கினார்களோ அந்த அளவுக்கு அவர்களுக்கே திரும்பப் போகும். அதனால் பக்கத்துக் கடையில் அரை சென்ட் குறைவு என்று விவசாயி ஓடிப்போக மாட்டார். என்னைக் கேட்டால், அந்த ஆலையைக் காப்பாற்றியதில் எந்த இயந்திரத்தையும்விட இந்த ஏற்பாட்டுக்குத்தான் பெரிய பங்கு.

அடுத்த ஐம்பது வருஷத்தை வேகமாகத் தாண்டிடலாம். 1944இல் ஆலையும் மாகாணத்தின் கூட்டுறவு மொத்த விற்பனைச் சங்கமும் ஒன்றாயின. இன்றைய ஃபெடரேட்டட் கோ-ஆபரேட்டிவ்ஸ், சுருக்கமா எஃப்.சி.எல்., அதிலிருந்து வளர்ந்ததுதான். 1947இல் பக்கத்து மாகாணம் ஆல்பர்ட்டாவில், லெடக்கில் எண்ணெய் கிடைத்தது. 1950இல் எட்மண்டனில் இருந்து ரெஜினா வழியாக அமெரிக்காவுக்குப் பைப்லைன் வந்தது. கச்சா எண்ணெய் வீட்டு வாசலுக்கே வந்த மாதிரி. 1970களில் இம்பீரியல் தன் ரெஜினா ஆலையை மூடிவிட்டது. யானை போய்விட்டது, எறும்பு நின்றது.

1980களில் இன்னொரு திருப்பம். சஸ்காச்சுவானில் தார் மாதிரி கெட்டியான கனரக எண்ணெய் நிறைய இருந்தது. விலை மலிவு, சுத்திகரிப்பது கஷ்டம். அதை இலகுவாக்கும் ஆலையை மாகாண அரசோடு கூட்டாகக் கட்டி, 1988இல் ஓட்ட ஆரம்பித்தார்கள். நஷ்டம் யார் தலையில் என்று அரசுக்கும் கூட்டுறவுக்கும் பெரிய சண்டையே நடந்தது. 2007இல் அரசின் பங்கையும் எஃப்.சி.எல்.லே வாங்கிக்கொண்டது. அதன் பிறகு நடந்த விரிவாக்கத்தையும் சேர்த்து, 500 பேரலில் ஆரம்பித்த ஆலை இன்று சுமார் 1,30,000 பேரல் கொள்ளளவுக்கு வந்துவிட்டது.

இந்த இடத்தில்தான் கதை கொஞ்சம் கசக்குது. இன்று எஃப்.சி.எல்.லுக்குச் சொந்தக்காரர்கள் மேற்குக் கனடா முழுக்க இருக்கும் 150க்கும் மேற்பட்ட உள்ளூர் கூட்டுறவுகள். அவற்றின் உறுப்பினர்களில் நிறைய பேர் நகரத்தில் மளிகை வாங்குகிறவர்கள், நம்மள மாதிரி. 2019 டிசம்பரில் ஓய்வூதியத் தகராறு முற்றி, நிர்வாகம் சுமார் 700 தொழிலாளர்களை வெளியே நிறுத்திக் கதவடைப்பு செய்தது. மாற்று ஆட்களுக்கு ஆலைக்குள்ளேயே முகாம். தொழிலாளர்கள் வாசலை மறித்தபோது ஹெலிகாப்டரில் ஆட்களை இறக்கினார்கள். எரிபொருள் சந்தை மாறப் போகிறது, செலவைக் குறைத்தே ஆகணும் என்பது நிர்வாகத்தின் வாதம். இவ்வளவு லாபம் பார்க்கிற ஆலை எங்கள் ஓய்வூதியத்தில் கை வைப்பதா என்பது தொழிலாளர்களின் கேள்வி.

2020 ஏப்ரல் 20 அன்று அமெரிக்கக் கச்சா எண்ணெயின் மே மாத ஒப்பந்த விலை பூஜ்யத்துக்குக் கீழே போனது. நிர்வாகத்தின் பயம் வெறும் சாக்கு இல்லைதான். ஆனாலும், பெரிய கம்பெனிகள் நெருக்கியபோது சேர்ந்து நின்ற சின்ன ஆட்களின் ஆலை அது. அங்கே ஹெலிகாப்டர் வந்தது எனக்கு இன்னும் உறுத்துது. ஜூனில் ஒப்பந்தம் ஆகி, ஆட்கள் வேலைக்குத் திரும்பினார்கள்.

அதற்குப் பிறகு வந்த திட்டம்தான் சுவாரசியம். 2022 ஜனவரியில், ரெஜினாவில் சுமார் 200 கோடி டாலரில் ஒரு வளாகம் கட்டப் போவதாக அறிவித்தார்கள். ஏ.ஜி.டி. ஃபுட்ஸ் என்ற நிறுவனத்தோடு சேர்ந்து கனோலா விதையை அரைத்து எண்ணெய் எடுப்பது, அந்த எண்ணெயில் ஒரு நாளைக்கு 15,000 பேரல் டீசல் தயாரிப்பது. கனோலா என்பது கடுகு குடும்பத்து எண்ணெய் வித்து. சஸ்காச்சுவான் முழுக்க மஞ்சள் மஞ்சளாகப் பூத்துக் கிடக்கும். அதாவது, குதிரைக் காலத்தில் போல, ஓட்டுகிற வண்டிக்கான தீனி மறுபடியும் சொந்த வயலில் விளையும்.

கேட்க அழகா இருக்கு, இல்லையா? ஆனால் இந்த டீசல் தன் விலையை வைத்து மட்டும் நிற்க முடியாது. அரசின் தூய எரிபொருள் விதிகளும் கார்பன் கணக்கும் தாங்கிப் பிடிக்கணும். ஒட்டாவாவிலும் வாஷிங்டனிலும் அரசியல் ஆடினால், அந்தக் கணக்கும் ஆடும். 2025 தொடக்கத்தில், கொள்கை நிச்சயமில்லை, செலவு ஏறுகிறது என்று சொல்லி எஃப்.சி.எல். திட்டத்தை நிறுத்தி வைத்தது.

தனியார் கம்பெனியாக இருந்தால் ஆலையை விற்றுவிட்டு வேறு தொழிலுக்குப் போகலாம். இங்கே வாங்குகிறவர்தான் முதலாளி. அவர் டிராக்டர் டீசலில் ஓடும் வரைக்கும் இவர்களும் டீசல் காய்ச்சித்தான் ஆகணும். ரெஜினாவில் பழைய ஆலை இப்போதும் இரவு பகலாக ஓடுது. சுற்றிலும் கனோலா வழக்கம்போல அறுவடையாகி ரயில் ஏறுது.