காகிதப்பூவுக்குப் பெயர் வந்த கதை

வெயில் கொளுத்தும் சித்திரை மாதத்தில் மற்ற செடிகள் எல்லாம் வாடிப்போய் நிற்கும்போது, காகிதப்பூ மட்டும் ஜோராகப் பூத்துக் குலுங்கும். போகன்வில்லா என்றால் இன்னும் பலருக்குத் தெரியும். நாம் பூ என்று நினைக்கும் அந்த வண்ண இதழ்கள் உண்மையில் நிறம் மாறிய இலைகள்தான். நடுவில் இருக்கும் சின்னஞ்சிறு வெள்ளைக் குழாய்களே பூக்கள்.

இதை வளர்ப்பது ரொம்ப சுலபம். நல்ல வெயில் வேண்டும், தண்ணீர் தேங்கக் கூடாது. அவ்வளவுதான். தினமும் தண்ணீர் ஊற்றினால் இலையாக வளருமே தவிர, பூ குறைந்துவிடும். மண் காய்ந்த பிறகு ஊற்றினால் போதும். ஒரு முறை பூத்து முடிந்ததும் கிளை நுனிகளை வெட்டிவிட்டால் புதுத் தளிர் வந்து மறுபடி பூக்கும். முற்றிய குச்சியை நட்டாலே வேர்விடும். முள் இருக்கும், கையை ஜாக்கிரதையாகப் பார்த்துக்கொள்ளுங்கள்!

நம் ஊர்ச் செடி போலவே ஆகிவிட்டாலும், இதன் சொந்த ஊர் தென் அமெரிக்கா. 1766-ல் பூகன்வில் என்ற பிரெஞ்சுத் தளபதி உலகைச் சுற்றிவரப் புறப்பட்டார். அந்தப் பயணத்தில் தாவரவியலாளராகப் போனவர் கொமெர்சோன். 1767-ல் பிரேசிலின் ரியோ டி ஜெனிரோவில் இந்தச் செடியைச் சேகரித்து, தளபதியின் பெயரையே அதற்கு வைத்தார். 1789-ல் ஜூஸ்யூ என்பவரின் நூலில் அந்தப் பெயர் அச்சேறியது.

கதை இதோடு முடியவில்லை. கொமெர்சோனுக்கு உதவியாளராகப் போன "பையன்" உண்மையில் ழான் பாரே என்ற பெண். பிரெஞ்சுக் கடற்படைக் கப்பல்களில் பெண்களுக்கு அனுமதி இல்லாததால் ஆண் வேடம் போட்டுக் கப்பலேறினார். கொமெர்சோனுக்குக் காலில் புண். அதனால் மலையும் காடும் ஏறி, மூட்டை சுமந்து, செடி சேகரிக்கும் வேலையில் பெரும்பகுதி பாரேயின் தலையில் விழுந்தது. ரியோவில் அந்தக் கிளையைப் பறித்ததே அவர்தான் என்று கருதும் ஆய்வாளர்கள் உண்டு. ஆனால் அதற்கு எழுத்துச் சான்று கிடையாது.

1768-ல் பசிபிக் பயணத்தின்போது அவர் பெண் என்பது வெளிப்பட்டது. இருவரும் மொரீஷியஸில் இறங்கிக்கொண்டார்கள். 1773-ல் கொமெர்சோன் அங்கேயே இறந்தார். பிறகு பாரே ஒரு படைவீரரை மணந்து பிரான்ஸ் திரும்பினார். உலகைச் சுற்றி வந்ததாக அறியப்படும் முதல் பெண் அவர்தான். 1785-ல் அரசு அவருக்கு ஆண்டுக்கு 200 லீவ்ர் ஓய்வூதியம் கொடுத்தது.

கொமெர்சோன் ஒரு செடிக்கு பாரேயின் பெயரையும் வைத்திருந்தார். அது நிலைக்கவில்லை, அந்தச் செடி வேறு பேரினத்தில் சேர்க்கப்பட்டுவிட்டது. கடைசியில் 2012-ல்தான், கத்தரிக்காய் இனத்தைச் சேர்ந்த ஒரு தென் அமெரிக்கக் கொடிக்கு அவர் பெயர் சூட்டப்பட்டது. அவர் இறந்து 205 ஆண்டுகள் கழித்து!

கப்பலை நடத்தியவர் பெயர் தெருவுக்குத் தெரு பூக்கிறது. மூட்டை சுமந்தவர் பெயரைத் தேடித்தான் படிக்க வேண்டியிருக்கிறது. வரலாற்றில் இது புதிதில்லை. இதைப் படித்த நாமாவது அந்தப் பெயரை நாலு பேரிடம் சொல்லலாமே.