எஸ். என். லட்சுமி (1927–2012)

எஸ். என். லட்சுமி தமிழ்த் திரைப்பட, தொலைக்காட்சித் துணைநடிகை. விருதுநகரை அடுத்த சென்னல்குடியில் பிறந்தவர். சிவகாசிப் பட்டாசுக்காகப் பேசப்படும் விருதுநகர் மாவட்டம், தன் மண்ணிலிருந்து புறப்பட்ட இந்த நடிகையை அதிகம் நினைப்பதில்லை. தாய், மாமியார், பாட்டி வேடங்களிலேயே அவரைப் பார்த்துப் பழகியவர்கள், நாயகி ஆக முடியாமல் ஒதுங்கியவர் என்று எண்ணிக்கொள்கிறார்கள். அது தவறான கணிப்பு. அம்மா வேடம் அவருக்கு ஒதுங்கிய இடமல்ல. மேடையில் பயின்று எடுத்துவந்த தொழில்.

சிறு வயதிலேயே வீட்டை விட்டு வந்து நாடகத்தில் சேர்ந்தவர் லட்சுமி. தென்மாவட்டங்களில் அன்று நாடகம் வலுவாக வேரூன்றியிருந்தது. சங்கரதாஸ் சுவாமிகள் 1918-ல் மதுரையில் தொடங்கிய பாலர் சபை அதற்கு ஒரு சான்று. மேடையில் ஒருவருக்கு வேடம் கொடுக்கும்போது பிறந்த ஆண்டைப் பார்க்க மாட்டார்கள்; குரலையும் நடையையும் பார்ப்பார்கள். டி. கே. சண்முகம் முதிய ஔவையாராக நடித்துத்தான் ‘அவ்வை சண்முகம்’ ஆனார். கிழவி வேடம் அங்கே இளமை போனவர்களுக்கான மிச்சம் அல்ல, திறமைக்கு வைத்த சோதனை. கலைவாணர் என். எஸ். கிருஷ்ணனின் நாடகக் குழுவில் பழகிய லட்சுமிக்குச் சினிமா முதலில் தந்தது கூட்டத்தில் ஓர் இடம்: ஜெமினியின் ‘சந்திரலேகா’ (1948) முரசு நடனத்தில் ஆடியவர்களில் அவரும் ஒருவர்.

அவரை நிலைநிறுத்தியது கிருஷ்ணன்–பஞ்சு இயக்கிய ‘சர்வர் சுந்தரம்’ (1964). ஓட்டல் சர்வராக இருந்து நட்சத்திரமாகும் நாகேஷுக்கு அதில் அவர் தாய். நாகேஷ் பிறந்தது 1933-ல். ஆக, மகனைவிடத் தாய்க்கு ஆறு வயதுதான் அதிகம்! ஆனாலும் படம் பார்ப்பவருக்கு அந்தக் கணக்கு மனத்தில் எழுவதில்லை. மகன் புகழின் உச்சியில் இருக்கும்போது அந்தத் தாய் இறந்துபோவதுதான் கதையின் திருப்பம். அவள் நம்பும்படி அமையாவிட்டால் நாகேஷின் கண்ணீருக்கு மதிப்பே இருந்திருக்காது. பண்டரிபாயோடு ஒப்பிட்டால் வேறுபாடு தெளிவாகும். ‘பராசக்தி’யில் (1952) சிவாஜிக்கு ஜோடியாக நடித்த பண்டரிபாய், பின்னர் அவருக்கே தாயாக நடித்தார். அந்த இறக்கம் லட்சுமியின் பாதையில் இல்லை. முப்பத்தேழு வயதில் அவர் தாயாகவே நிலைபெற்றார்.

ஒரே வேடத்தில் முடக்கப்பட்டதைத் தொழில்திறமை என்று மெச்சலாமா என்று கேட்பவர்கள் உண்டு. நியாயமான கேள்விதான். நடிகர்களுக்கு ஐம்பது வயதிலும் நாயகன் வேடம் தரும் திரையுலகம், முப்பதைத் தாண்டிய பெண்களுக்குக் கதவைச் சாத்தியது உண்மை. அந்த அநீதியை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் வேடத்தின் பெயர் ஒன்றாக இருந்ததால் நடிப்பும் ஒன்றாகிவிடாது. ‘மைக்கேல் மதன காமராஜன்’ (1990) படத்தில் ஊர்வசியின் பாட்டியாக வரும் அவருக்குக் கை சும்மா இருக்காது. கண்ணில் படுவதைச் சுருட்டிக்கொண்டு, ஒன்றும் அறியாதவர்போல் முகத்தை வைத்துக்கொள்வார். சிரிப்பு வருவது வசனத்தால் மட்டுமல்ல, அந்த முகத்தின் அப்பாவித்தனத்தால். கமல்ஹாசன் நான்கு வேடங்களில் நிறைந்திருக்கும் படத்தில் இந்தத் திருட்டுப் பாட்டி தனியாக நினைவில் நிற்கிறார். நான்கே ஆண்டுகளில் ‘மகாநதி’ (1994): மருமகன் சிறைக்குப் போனபின் பேரக்குழந்தைகளைத் தாங்கி நிற்கும் மாமியார். அவர் மறைந்ததும் குடும்பம் சிதறுகிறது. ‘விருமாண்டி’யில் (2004) வருவதோ தென்மாவட்டத்துக் கிராமத்து அப்பத்தா. கமலின் படங்களில் வந்த இந்த மூன்று கிழவிகளில் ஒருவரை எடுத்து இன்னொருவர் இடத்தில் வைக்க முடியாது.

அவர் 1,500-க்கும் மேற்பட்ட படங்களில் நடித்ததாகச் சொல்வார்கள். மனோரமாவின் கின்னஸ் சாதனையே ஆயிரம் படங்களைக் கடந்ததற்குத்தான் என்பதை நினைத்தால், அந்த எண்ணில் பெருமையை வைப்பது சரியான வழியல்ல. மேலே சொன்ன நான்கு பாத்திரங்களே போதுமான சான்று.

கலைமாமணி விருது பெற்ற லட்சுமியை இளைய தலைமுறை அறிந்தது சன் தொலைக்காட்சியின் ‘தென்றல்’ தொடரால். படத்தில் பத்து நிமிடம் வரும் பாட்டி, தொடரில் வாரக்கணக்கில் வீட்டுக்குள் வந்தார். எண்பதைக் கடந்தும் உழைத்த அவர், 2012 பிப்ரவரி 20 அன்று சென்னையில் காலமானார். திருமணம் செய்துகொள்ளாதவர், திரையில் மட்டுமே அம்மாவும் பாட்டியும் ஆனவர். விருதுநகர் மாவட்ட வரலாற்றை எழுத முனைவோர், சென்னல்குடி என்ற பெயர் வருமிடத்தில் இவருக்கு ஒரு பத்தி ஒதுக்க வேண்டும்.