புகைத்தூணும் புத்தளமும்

வானிலே கண்டதாகச் சொல்லப்படும் ஒன்றினாற் பெயர்பெற்றுவிட்ட சிற்றூர்கள் உலகிற் சில உள. அமெரிக்காவின் நியூ மெக்சிக்கோ மாநிலத்து ரொஸ்வெல் அவற்றுள் ஒன்று. 1947இல் அதற்கு அணித்தாக வீழ்ந்தது பறக்கும் தட்டு எனப் பேசப்பட்டது. அது இரகசிய ஆய்வுக்கு விடப்பட்ட பலூன் என அந்நாட்டு விமானப்படை 1994இல் விளக்கிய பின்னரும், அவ்வூர் பறக்கும் தட்டின் ஊராகவே அறியப்படுகின்றது.

நம் புத்தளக் கரையும் இத்தகைய வான்காட்சி ஒன்றினோடு இணைத்தே நினைக்கப்படுவது. கி.பி. 1344இல் மாலைதீவிலிருந்து கலமேறிய மொறொக்கோ நாட்டுப் பயணி இபுன் பதூதா, விண்ணிலே புகைத்தூண் போல எழுந்து நின்ற ஒன்றைக் கடலிலிருந்து கண்டார். அது சிவனொளிபாதமலை. அவர் கரையிறங்கிய 'பட்டாலா' புத்தளமே என ஆய்வாளர் பலர் கொள்வர்.

காட்சி பொய்யன்று. மலையின் உயரம் ஏறத்தாழ 2243 மீற்றர். வானம் தெளிந்திருப்பின் அவ்வுயரம் கடன்மட்டத்தில் நிற்பவர்க்கு 170 கிலோமீற்றர் வரை தோன்றும். புத்தளத்திற்கும் மலைக்கும் இடைத்தொலைவு ஏறத்தாழ 155 கிலோமீற்றரே. ஆனால் ஒன்பது நாட் பயணத் தொலைவிலேயே மலையைக் கண்டதாக நூலின் ஓரிடம் கூறுகின்றது. இஃது இயலாது. பிறிதோரிடத்தில், ஒன்பதாம் நாள் இலங்கைக் கரையை அடைந்ததாக அவரே சொல்கின்றார். நூல் 1355இல், அவர் சொல்லப் பிறரொருவர் எழுதி முடித்தது. இடைப்பட்ட பதினோராண்டில் மலை வளர்ந்துவிட்டது போலும்!

இதே கரைக்கு இன்னுமொரு பெயரும் இருந்தது. அதன் அரசனாகிய ஆரியச்சக்கரவர்த்தி கொடியவன், கடற்கொள்ளைக்குக் கலம் விடுபவன் என மாலுமிகள் அஞ்சினர். காற்று மிகுந்து கலம் மூழ்கும் நிலை வரவே, வேறு வழியின்றிப் பதூதா கரையிறங்கினார். அரசனோ பாரசீகம் அறிந்தவனாய் அவரோடு உரையாடி, முத்துக்களை அளித்து, மூன்று நாள் விருந்தோம்பிப் பல்லக்கும் வழித்துணையும் கொடுத்து மலைக்கு அனுப்பிவைத்தான். ஆரியச்சக்கரவர்த்திகளின் வலிமைக்குச் சான்றாக வரலாற்றாசிரியர் பெரிதும் எடுத்தாள்வது இப்பகுதியையே.

ஊரைப் பற்றிய செய்தி சில வரிகளே. எனக்கு அவையே அரியனவாகத் தோன்றுகின்றன. மரமதிலும் மரக்கோபுரங்களும் சூழ்ந்த சிறிய, அழகிய ஊர் அது. வெள்ளம் அடித்து வந்த கறுவா மரங்கள் கரையெங்கும் குவிந்து கிடந்தன. மலையாளக் கரையாரும் சோழமண்டலக் கரையாரும் அவற்றை விலையின்றி எடுத்துச் சென்றனர். கைம்மாறாக அரசனுக்குத் துணி முதலியன கொடுத்தனர். விலையின்றி என்று பதூதா சொன்னாலும், துணி கொடுத்துக் கறுவா கொள்வது பண்டமாற்றே.