ஒரு நிமிடத்தில் எத்தனை சொல்?

படிவம் ஒன்றில் மலாய்மொழி ஆசிரியை என்னை எழுப்பி ஒரு பக்கத்தை வாசிக்கச் சொன்னார். தமிழ்ப்பள்ளியிலிருந்து வந்த பையன் திணறுவான் என்று வகுப்பே காத்திருந்தது. நான் ஒரு தடங்கலும் இல்லாமல், நிறுத்த வேண்டிய இடத்தில் நிறுத்தி, குரலை ஏற்றி இறக்கி வாசித்து முடித்தேன். "பாகுஸ்" என்றார். அடுத்து, அந்தக் கிழவர் ஏன் 'ஹம்பா'வாக வீடு திரும்பினார் என்று கேட்டார். ஹம்பா என்றால் ஏமாற்றம் என்று எனக்கு அன்றைக்குத் தெரியாது. உண்மையைச் சொன்னால், கிழவர் வீட்டை விட்டுப் போனதே எனக்குத் தெரியாது.

ரூமி எழுத்தில் மலாயை வாசிக்க மலாய் தெரிந்திருக்க வேண்டும் என்றில்லை. எழுத்தைக் கூட்டினால் ஒலி வந்துவிடும். தமிழும் ஏறக்குறைய அப்படித்தான். வாய் ஒரு வேலை செய்யும், மண்டை வேறெங்கோ இருக்கும். இது என்னுடைய தனிப்பட்ட மோசடி என்றுதான் நெடுநாள் நினைத்திருந்தேன். பிறகுதான் தெரிந்தது, ஒரு காலத்தில் ஒரு நாட்டின் பள்ளிகளே இப்படித்தான் வாசித்தன, அரசாங்கம் அதற்குக் காசும் கொடுத்தது.

1862ஆம் ஆண்டு இங்கிலாந்து. கல்விக்குப் பொறுப்பாக இருந்த ராபர்ட் லோ திருத்தப்பட்ட விதித்தொகுப்பு ஒன்றைக் கொண்டுவருகிறார். பள்ளிகளுக்கு அரசு மானியம் கூடிக்கொண்டே போகிறது, பிள்ளைகள் உருப்படியாக எதையும் கற்றதாகத் தெரியவில்லை என்பது அன்றைய குறை. லோவின் தீர்வு ஒரு கணக்குப்பிள்ளையின் தீர்வு: பலனைக் காட்டு, பணத்தை வாங்கு. 200 முறைக்கு மேல் வகுப்புக்கு வந்த பிள்ளைக்கு 8 ஷில்லிங். ஆனால் ஆய்வாளர் வந்து சோதிப்பார். வாசிப்பு, எழுத்து, கணக்கு என்ற மூன்றில் எதில் தோற்றாலும் 2 ஷில்லிங் 8 பென்ஸ் வெட்டு. மூன்றிலும் தோற்றால் 8 ஷில்லிங்கும் போச்சு.

ஆறு தரங்கள் வகுத்தார்கள். முதல் தரத்துக்கு ஓரசைச் சொற்களால் ஆன ஒரு கதை. ஆறாம் தரத்துக்குச் செய்தித்தாளில் வரும் ஒரு சிறு பத்தி. எதை வாசிக்க வேண்டும் என்று அட்டவணை சொன்னது. வாசித்தது புரிந்ததா என்பதற்கு அதில் ஓர் இடம் இல்லை.

அந்த ஆய்வாளர்களில் ஒருவர் மேத்யூ ஆர்னால்ட். ஆமாம், கவிஞர் ஆர்னால்ட்தான். 1851 முதல் 35 ஆண்டுகள் ஊர் ஊராகப் போய்ப் பிள்ளைகள் வாசிப்பதைக் கேட்பதுதான் அவருக்குச் சம்பளம் கொடுத்த வேலை. விதித்தொகுப்பு வந்தபோதே பத்திரிகையில் எதிர்த்து எழுதினார். பிறகு 1860களின் கடைசியில், தன் ஆய்வு அறிக்கையில், தான் கண்டதைப் பதிவு செய்தார். ஆண்டுத் தொடக்கத்தில் ஒரு வகுப்புக்கு ஒரு புத்தகம் எடுக்கிறார்கள். ஆண்டு முழுக்க அதையே திரும்பத் திரும்ப வாசிக்க வைக்கிறார்கள். ஆய்வாளர் வரும் நாளில் பிள்ளை தனக்கு வந்த ஓரிரு வரியைச் சரளமாக ஒப்பிக்கிறது. வேறொரு புத்தகத்தைக் கையில் கொடுத்தால் சரளம் காணாமல் போய்விடுகிறது. வாசிக்கத் தெரியாமலே வாசிப்புத் தேர்வில் தேறலாம் என்பது அவர் கண்ட முடிவு.

ஆசிரியர்களைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. பள்ளியின் வருமானம் பிள்ளையின் வாயில் தொங்கும்போது, வாயைத்தானே பழக்குவார்கள்? இதே முறை சென்னை மாகாணத்துக்கும், இலங்கைக்கும், நம் பக்கத்து நீரிணைக் குடியேற்றங்களுக்கும் கப்பலேறி வந்தது. இங்கிலாந்தில் 1890களில் கைவிட்டார்கள். ஒரு தலைமுறைக்கு மேல் பள்ளிக்கூடம் அதற்குள் கடந்துபோயிருந்தது.

அடுத்த காட்சி அமெரிக்கா. 1915இல் வில்லியம் கிரே, எளிதிலிருந்து கடினத்துக்குப் போகும் பத்திகளை அடுக்கி, வாய்விட்டு வாசிப்பதற்கு ஒரு தரப்படுத்திய சோதனையை வெளியிட்டார். பக்கத்தில் உட்கார்ந்தவர் எத்தனை விநாடி, எத்தனை பிழை என்று குறிப்பார். இரண்டே ஆண்டில், 1917இல், எட்வர்ட் தார்ண்டைக் இதற்கு மறுபக்கத்தைக் காட்டினார். ஃபிராங்ளின் என்ற ஊரில் ஏழு முதல் பதினான்கு வயதுப் பிள்ளைகள் கட்டாயம் பள்ளிக்கு வரவேண்டும், நோய், வீட்டில் தொற்று, போக முடியாத சாலை என்றால் மட்டும் விலக்கு என்று ஒரு சின்னப் பத்தி. அதைப் பிள்ளைகளிடம் கொடுத்துக் கேள்வி கேட்டார். பத்தி எதைப் பற்றியது என்ற கேள்விக்கு 'ஃபிராங்ளின்' என்று பதில் எழுதியவர்கள் உண்டு. சொற்கள் தெரிந்த பிள்ளைகள்தான். எந்தச் சொல்லுக்கு எவ்வளவு எடை என்று தெரியவில்லை. ஒரு பத்தியைப் புரிந்துகொள்வது கணக்குப் போடுவதைப் போன்ற சிந்தனை வேலை என்றார் தார்ண்டைக். அந்தக் காலகட்டத்தில் அமெரிக்கப் பள்ளிகள் வாய்விட்டு வாசிப்பதிலிருந்து மௌன வாசிப்புக்குச் சாய்ந்தன.

அப்படியென்றால் சரளத்துக்கும் புரிதலுக்கும் தொடர்பே இல்லையா? இருக்கிறது. 1974இல் லாபெர்ஜும் சாமுவெல்ஸும் அதற்கு ஒரு காரணம் சொன்னார்கள். கவனம் அளவானது. எழுத்தைக் கூட்டுவதிலேயே அது தீர்ந்துபோனால் பொருளுக்கு மிச்சம் இருக்காது. வாக்கியத்தின் கடைசிக்கு வரும்போது முதல் சொல் மறந்திருக்கும். எழுத்துக்கூட்டல் தன்னிச்சையாக நடந்தால்தான் மனம் கதைக்குள் போகும். அதே மின்னசோட்டா பல்கலைக்கழகத்தில் ஸ்டான்லி டீனோ, சிறப்புக்கல்வி ஆசிரியர்களுக்காக ஒரு கருவியை உருவாக்கினார். பிள்ளை ஒரு நிமிடம் வாசிக்கட்டும், சரியாக வாசித்த சொற்களை எண்ணுங்கள். அவ்வளவுதான். அந்த எண், நீளமான கருத்துணர்தல் சோதனைகளோடு வியக்கத்தக்க அளவு ஒத்துப்போனது, குறிப்பாகக் கீழ்வகுப்புகளில். மேலே போகப் போக ஒத்துப்போவது குறைகிறது. அங்கே சொல்வளமும் உலக அறிவும் கூடுதலாக வேலை செய்கின்றன.

டீனோவின் எண் ஒரு வெப்பமானி. நான் வேலை செய்யும் இடத்தில் பம்ப்பின் மேல் அதிர்வுமானி வைப்போம். அதிர்வு கூடினால் உள்ளே பேரிங் தேய்கிறது என்று பொருள். பம்ப்பைத் திறக்காமலே தெரிந்துகொள்ள அருமையான வழி. ஆனால் அதிர்வைக் குறைத்துக் காட்டினால் போனஸ் என்று அறிவித்துப் பாருங்கள். மானியை வேறு இடத்தில் ஒட்ட ஆள் வந்துவிடும். பேரிங் தேய்ந்துகொண்டேதான் இருக்கும்.

2002க்குப் பிறகு அமெரிக்காவில் சட்டமும் நிதியும் கீழ்வகுப்பு வாசிப்புச் சோதனைகளோடு பிணைக்கப்பட்டபோது ஒரு நிமிடச் சோதனை நாடெங்கும் பரவியது. 2006இலிருந்து அதன் இன்னொரு வடிவம் உதவித் திட்டங்களோடு பல ஏழை நாடுகளுக்கும் போனது. வேகமாக வாசிப்பதுதான் நல்ல வாசிப்பு என்று பிள்ளைகள் நம்பத் தொடங்கிவிடுகிறார்கள் என்ற குறையும் கூடவே எழுந்தது. லோவின் ஷில்லிங் வேறு சட்டை போட்டுக்கொண்டு வந்தது போல்தான் எனக்குப் பட்டது.

வீட்டில் பேசாத மொழியில் வாசிக்கும் பிள்ளைக்கு இந்த மானி இன்னும் எளிதாகப் பொய் சொல்லும். நம் பிள்ளைகள் மூன்று மொழியில் வாசிக்கிறார்கள். தமிழில்கூட, வீட்டில் 'வந்துட்டாங்க' என்று பேசும் பிள்ளை 'வந்துவிட்டனர்' என்று வாசிக்கிறது. உச்சரிப்பு சுத்தமாக இருந்தால் நாம் கைதட்டிவிட்டு உட்கார்ந்துவிடுகிறோம். நானே அப்படிக் கைதட்டு வாங்கியவன்தான்.

அக்கா மகள் இரண்டாம் ஆண்டு படிக்கிறாள். தினமும் ஒரு பக்கம் வாசித்து, எடுத்த நேரத்தை அட்டையில் எழுத வேண்டும். போன வாரம் கைப்பேசியில் நேரம் பார்க்கும் வேலை எனக்கு. முயல் ஏன் ஒளிந்துகொண்டது என்று நடுவில் கேட்டேன்.

"மாமா, டைம் ஓடுது. அப்புறம் கேளுங்க."

வாசித்து முடித்தாள். நல்ல நேரம்தான், அட்டையில் எழுதினோம். அப்புறம் கேட்டேன். சற்று யோசித்துவிட்டு, பக்கத்தை மறுபடி திறந்து, இந்த முறை வாயைத் திறக்காமல், விரலை வைத்து மெதுவாகத் தேட ஆரம்பித்தாள். கைப்பேசியை நான் கவிழ்த்து வைத்துவிட்டேன்.